ஏலத்தோட்டக்காரரும் இணையும் பாங்குகளும்

ஏலம் பொறுமையைக் கேட்கும் பயிராகும். கன்று நட்ட இடத்தில் ஒழுங்கான காய்ப்பைக் காண மூன்றாம் வருஷம் வரையில் காத்திருக்க வேண்டும். அதுவரையில் நிழல் மரங்களைக் கவாத்து செய்தல், களையெடுத்தல், மூடாக்கு இடுதல், எரு, மருந்து, ஆட்கூலி ஆகிய சகல செலவுகளும் கைப்பணத்திலிருந்தோ கடன் பணத்திலிருந்தோ நடைபெற்றாக வேண்டும். காய்க்கத் தொடங்கிய பின்னரும் வருமானம் ஒரே தடவையில் வந்துவிடுவதில்லை. ஆடி ஆவணியில் ஆரம்பித்து மாசி வரையில், முப்பது முதல் நாற்பத்தைந்து நாட்களுக்கு ஒரு முறை காய் எடுக்கப்படுகிறது. ஏறக்குறைய ஐந்து கிலோ பச்சைக் காய் உலர்ந்தால்தான் ஒரு கிலோ ஏலக்காய் கிடைக்கும். ஆனால் கூலியோ வாரந்தோறும் கொடுக்கப்பட வேண்டியது.

ஆகையால் சிறு தோட்டக்காரர் எவரும் கடனின்றிக் காலந்தள்ளுவது அரிது. கடன் வாங்குவதா வேண்டாமா என்பதைவிட, அதை யாரிடம், எந்த மாதத்தில் வாங்குவது என்பதே அவருக்குப் பெரிய கேள்வி. சமீப காலத்தில் பாங்குகள் ஒன்றோடொன்று இணைந்து வருவதால் இக்கேள்வி முன்னிலும் முக்கியமாகிவிட்டது. பாங்குகளின் இணைப்பு நகரத்து வியாபாரிகளையும் பங்குதாரர்களையும் மட்டும் பற்றிய விஷயம் என்று பலர் எண்ணுகின்றனர். அது மலைச்சரிவில் உள்ள இரண்டு ஏக்கர் தோட்டத்தையும் தொடும் விதத்தை இங்கே ஆராய்வோம்.

வைகாசி மாதத்துப் பணம்

ஏலத்திற்கு வரும் வியாதிகளில் கொடியது காயழுகல். தென்மேற்குப் பருவமழை பலக்கும்போது இளங்காய்களும் சரங்களும் அழுகி உதிர்கின்றன. இதைத் தடுக்க மழை பிடிப்பதற்கு முன்பே ஒரு சதவிகிதப் போர்டோ கலவையைத் தெளிக்க வேண்டும். ஒரு கிலோ மயில்துத்தமும் ஒரு கிலோ சுட்ட சுண்ணாம்பும் நூறு லிட்டர் தண்ணீரில் சேர்ந்ததே இக்கலவை. சித்திரைக் கடைசியிலும் வைகாசியிலும் தெளித்தால் அது காவல். அழுகல் கண்ட பிறகு ஆடியில் முதல் தெளிப்பைத் தொடங்கினால், போன காயை அது திருப்பித் தராது.

ஆகவே வைகாசியில் கைக்கு வரும் பதினாயிரம் ரூபாய்க்கு உள்ள மதிப்பு ஆடியில் வரும் இருபதினாயிரத்திற்குக் கிடையாது. தோட்டக்காரருக்குப் பாங்கின் பெயரும் கட்டடமும் முக்கியமல்ல. பணம் பருவத்தில் வருகிறதா என்பதே முக்கியம். பருவத்தில் வராவிடில் அவர் கமிஷன் மண்டிக்காரரிடம் முன்பணம் கேட்கப் போவார். முன்பணம் வாங்கியவர் பெரும்பாலும் காயைச் சொன்ன இடத்திற்கே கொண்டுவரக் கடமைப்பட்டவராகிறார். விலை ஏறும் வரையில் சரக்கை வைத்திருக்கும் சுதந்திரம் அவருக்கு இல்லை. ஏலக்காய் விலையோ ஒரே நிலையில் நிற்பதன்று. 2019 ஆகஸ்டில் புத்தடி ஏல மையத்தில் ஒரு கிலோ அதிகபட்சம் 7,000 ரூபாய்க்கு விற்ற ஏலக்காய், 2022-ம் வருஷத் தொடக்கத்தில் சராசரி ஆயிரம் ரூபாய்க்கும் கீழே இறங்கியது. இத்தகைய ஏற்ற இறக்கத்தில் விற்கும் நாளைத் தானே தீர்மானிக்க இயலாதவர் அடையும் நஷ்டம், வட்டியைவிடப் பெரிதாக இருக்கக்கூடும்.

பெரிதானதெல்லாம் பலமானதன்று

பாங்குகள் இணைவது புதிய செய்தியன்று. 1921-ல் வங்காளம், பம்பாய், சென்னை ஆகிய மூன்று மாகாண பாங்குகளும் ஒன்றாகி இம்பீரியல் பாங்கு ஆயின. 1955 ஜூலை 1 முதல் அதுவே பாரத ஸ்டேட் பாங்கு என்று பெயர் பெற்றது.

மலைக்கு அப்பால் திருவிதாங்கூரில் நடந்த சம்பவம் இதனினும் படிப்பினை மிகுந்தது. திருவிதாங்கூர் நேஷனல் பாங்கும் கொல்லம் பாங்கும் 1937-ல் ஒன்றாக இணைந்தன. இரண்டும் சேர்ந்து தென்னிந்தியாவின் பெரிய பாங்குகளுள் ஒன்றாக விளங்கின. ஆயினும் அடுத்த வருஷமாகிய 1938-லேயே அந்தப் பாங்கு பணம் கொடுப்பதை நிறுத்தியது, பின்னர் கலைக்கப்பட்டது. டிபாசிட்டுதாரர் பலர் அவதியுற்றனர். இரண்டு ஸ்தாபனங்கள் கூடியதனால் மட்டும் பாங்கிற்குப் பலம் வந்துவிடாது என்பது இதனால் விளங்கும்.

1960 ஆகஸ்டில் பாலாய் சென்ட்ரல் பாங்கு மூடப்பட்டது. மலைத்தோட்டங்களை நம்பிய பல குடும்பங்களின் சேமிப்பு அதிலே இருந்தது. இதன் விளைவாக அவ்வருஷமே பாங்குகள் ஒழுங்குமுறைச் சட்டம் திருத்தப்பட்டு, நலிந்த பாங்கை வேறொரு பாங்குடன் இணைக்கும் திட்டத்தைத் தயாரிக்க ரிஸர்வ் பாங்குக்கு அதிகாரம் கொடுக்கப்பட்டது. 1951-ல் இந்தியாவில் 566 வர்த்தக பாங்குகள் இருந்தன. 1969-ல் அவை தொண்ணூற்றுக்கும் குறைவாயின. 1962 ஜனவரி முதல் டிபாசிட்டுகளுக்கு இன்ஷூரன்ஸ் ஏற்பட்டது. தொடக்கத்தில் அதன் உச்சவரம்பு 1,500 ரூபாய். 2020 பிப்ரவரி முதல் அது ஐந்து லட்சம் ரூபாய்.

ஆகையால் இணைப்பு என்றாலே தீமை என்று கொள்வது தவறு. விழப்போகும் பாங்கு தக்கதொரு பாங்குடன் சேர்க்கப்பட்டால் குடியானவரின் சேமிப்பு காப்பாற்றப்படுகிறது. 2020 நவம்பரில் கரூரில் தோன்றிய லட்சுமி விலாஸ் பாங்கு, டி.பி.எஸ். பாங்கு இந்தியாவுடன் இணைக்கப்பட்டது. அதன் டிபாசிட்டுதாரர் பணத்தை இழக்கவில்லை. பங்குதாரரின் முதல் அழிந்தது.

போடியைச் சூழ்ந்த மாறுதல்கள்

போடிநாயக்கனூர்த் தோட்டக்காரர் பலருக்கு வீடு ஒரு ராஜ்யத்திலும் தோட்டம் வேறொரு ராஜ்யத்திலும் உள்ளன. குரங்கணி, கொட்டகுடி முதலிய கீழ்ச்சரிவுகள் தமிழ்நாட்டின் தேனி ஜில்லாவைச் சேர்ந்தவை. போடிமெட்டைத் தாண்டினால் கேரளத்தின் இடுக்கி ஜில்லாவைச் சேர்ந்த உடும்பஞ்சோலைத் தாலுகா. ஆதலால் இரு ராஜ்யங்களிலும் பாங்குகளுக்கு நேரும் மாறுதல்கள் யாவும் இவர்களைத் தொடுகின்றன.

மதுரைச் சீமையில் நன்கு அறியப்பட்டிருந்த மதுரா பாங்கு, 1943-ல் கருமுத்து தியாகராஜ செட்டியாரால் நிறுவப்பட்டது. அது 1960-களில் செட்டிநாடு மெர்க்கன்டைல் பாங்கையும் இலஞ்சி பாங்கையும் தன்னுடன் சேர்த்துக்கொண்டது. 2001 மார்ச்சில் அதுவே ஐ.சி.ஐ.சி.ஐ. பாங்குடன் சேர்ந்தது. மேற்கே, திருவிதாங்கூர் ஸ்டேட் பாங்கு 2017 ஏப்ரல் 1 முதல் பாரத ஸ்டேட் பாங்குடன் ஒன்றாயிற்று. தென் ஜில்லாக்களில் கிராமக் கடனுக்கென 1977-ல் ஏற்பட்ட பாண்டியன் கிராம பாங்கும், வட ஜில்லாக்களின் பல்லவன் கிராம பாங்கும் 2019 ஏப்ரல் 1 முதல் தமிழ்நாடு கிராம பாங்கு என ஒன்றாயின. அதன் தலைமை ஆபீசு சேலத்தில் உள்ளது. 2020 ஏப்ரல் 1-ம் தேதியன்று பொதுத்துறையைச் சேர்ந்த பத்து பாங்குகள் நான்காயின. அவற்றுள் சிண்டிகேட் பாங்கு கனரா பாங்குடனும், ஆந்திரா, கார்ப்பரேஷன் பாங்குகள் யூனியன் பாங்குடனும், அலகாபாத் பாங்கு இந்தியன் பாங்குடனும் சேர்ந்தன.

கூட்டுறவுத் துறையில் இரு ராஜ்யங்களும் வெவ்வேறு வழியிற் செல்கின்றன. தமிழ்நாட்டில் கிராமத்துத் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கம், ஜில்லா மத்திய பாங்கு, மாநிலத் தலைமை பாங்கு என மூன்று படிகள் உள்ளன. கேரளத்திலோ 2019 நவம்பரில் பதின்மூன்று ஜில்லா பாங்குகள் மாநிலக் கூட்டுறவு பாங்குடன் இணைந்து கேரள பாங்கு ஆயின. மலப்புறம் 2023-ல் சேர்ந்தது. இதனால் நடுப்படி நீங்கி இரண்டே படிகள் எஞ்சின. நடுவில் ஒரு படி குறைந்தால் வட்டிச் செலவு குறையலாம் என்பது இதன் நோக்கம். ஆனால் தீர்மானம் செய்யும் இடம் தோட்டத்திலிருந்து தூரமாகிவிடலாம் என்பது இதன் ஆபத்து.

அறிந்தவர் கொடுக்கும் கடன்

இந்த ஆபத்தைச் சரியாக உணரக் கூட்டுறவுக் கடனின் ஆதியை நினைவுகூர வேண்டும். சென்னை மாகாண சர்க்காரின் உத்தரவுப்படி பிரெடெரிக் நிக்கல்ஸன், ஐரோப்பிய நில பாங்குகளையும் விவசாய பாங்குகளையும் ஆராய்ந்து 1895-லும் 1897-லும் அறிக்கை வெளியிட்டார். ஜெர்மனியில் ரைபைசன் என்பவர் ஏற்படுத்திய கிராமச் சங்கங்களின் முறையே இந்நாட்டுக்கு ஏற்றது என்பது அவருடைய முடிவு. 1904-ல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் பிறந்தது. அவ்வருஷமே செங்கற்பட்டு ஜில்லா திரூரில் சங்கம் ஏற்பட்டது. ரைபைசன் முறையின் உயிர் மிகவும் எளியது. ஒரு சங்கத்தின் எல்லை சிறிதாக இருக்க வேண்டும். அங்கத்தினர் ஒருவரையொருவர் அறிந்திருக்க வேண்டும். யார் உழைப்பாளி, யார் வாங்கிய பணத்தை வேறு வழியிற் செலவிடுவார் என்பது ஊராருக்குத் தெரியும். அந்த அறிவே ஜாமீன்.

அந்த ஜெர்மனியிலுங்கூடக் காலம் சும்மா இருக்கவில்லை. 1970-ல் அங்கே ஏழாயிரத்துக்கு மேற்பட்டிருந்த கூட்டுறவு பாங்குகள் இணைந்து இணைந்து, 2023 முடிவில் எழுநூற்றுக்கும் குறைவாயின. கணக்கு வைக்கும் செலவும் சட்ட நிபந்தனைகளும் பெருகும்போது சிறு ஸ்தாபனம் தனியே நிற்பது எங்குமே கடினமாகிறது. ஆகையால் இணைப்பை நிறுத்திவிடலாம் என்று குடியானவர் நம்பிக்கொண்டிருப்பதில் பயனில்லை.

ஆனால் ஓர் உண்மையை மறக்கலாகாது. பாங்குகள் இணையும்போது டிபாசிட்டும் கடனும் கட்டடமும் சட்டப்படி புதிய பாங்கைச் சேர்கின்றன. கடன் பத்திரத்தில் எழுதியுள்ள நிபந்தனைகளும் கூடவே செல்கின்றன. பழைய மானேஜரின் மனத்தில் இருந்த அறிவு மட்டும் எந்த இணைப்புத் திட்டத்திலும் எழுதப்படுவதில்லை. உதாரணமாக, ஒரு தோட்டக்காரர் இருபது வருஷமாக ஒரே கிளையில் வரவு செலவு செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அவருடைய தோட்டம் தண்ணீர் நிற்காத சரிவில் உள்ளது என்பதும், வருஷந்தோறும் தை மாசியில் அவர் கடனை அடைத்துவிடுவார் என்பதும் மானேஜருக்குத் தெரியும். சித்திரையில் மனுக் கொடுத்தால் வைகாசியில் பணம் வந்துவிடும். பாங்கு இணைகிறது, மானேஜர் மாற்றலாகிறார், கிளை வேறொரு கிளையுடன் சேர்கிறது, மனு தூர நகரத்து ஆபீசுக்குப் போகிறது. அங்குள்ள அதிகாரி ஏலச்செடியைக் கண்டவரல்லர். அவர் கெட்டவருமல்லர், அவருக்கு முன்னால் உள்ள காகிதம் பேசுவதையே அவரால் கேட்க முடியும். காகிதம் பேசாவிட்டால் அவர் விளக்கம் கேட்டு எழுதுவார். விளக்கம் போய்ச் சேருமுன் மழை பிடித்துவிடுகிறது, காயழுகலும் வந்துவிடுகிறது.

மதுரா பாங்கின் வரலாறு இதற்கு ஒரு மறுபக்கத்தையும் காட்டுகிறது. அப்பாங்கு கிராமப் பெண்களின் சுய உதவிக் குழுக்களுக்குக் கடன் கொடுக்கும் வேலையைத் தொடங்கியிருந்தது. 2001 இணைப்புக்குப் பின் ஐ.சி.ஐ.சி.ஐ. பாங்கு அவ்வேலையைக் கைவிடாமல் எடுத்து விரிவாக்கியது. குழுக்களின் வரவு செலவு அவர்களுடைய கூட்டப் புத்தகங்களில் ஒழுங்காக எழுதப்பட்டிருந்தது. எழுதி வைத்த நாணயம் பாங்கு மாறினாலும் மாறாது நிற்கும்.

தோட்டக்காரர் செய்ய வேண்டியவை

இக்காரணங்களால் கீழ்க்கண்ட ஏற்பாடுகளை ஒவ்வொரு தோட்டக்காரரும் செய்துகொள்வது நலம்.

1. தோட்டக் குறிப்பு ஒன்று எழுதி வைக்கவும். சர்வே எண், பரப்பு, நட்ட வருஷம், ரகம், செடிகளின் எண்ணிக்கை, ஒவ்வொரு எடுப்பிலும் கிடைத்த பச்சைக் காய், உலர்ந்த காய், விற்ற தேதி, விலை ஆகியவற்றை வருஷவாரியாகக் குறிக்க வேண்டும். ஏல மையத்தில் தரும் விற்பனைச் சீட்டுகளை எறிந்துவிடாமல் ஒரு கோப்பிலே சேர்க்க வேண்டும். மூன்று வருஷச் சீட்டுகள், முன்பின் அறியாத அதிகாரிக்கு மூன்று வருஷப் பழக்கத்தைக் கொடுக்கும்.

2. பயிர்க்கடன் புதுப்பிக்கும் மனுவை வைகாசி வரையில் வைத்திருக்கலாகாது. மாசியில் கடைசி எடுப்பு முடிந்து கடனை அடைத்தவுடன் பங்குனியிலேயே மனுக் கொடுக்க வேண்டும். இணைப்பு நடந்த வருஷத்தில் வழக்கத்திற்கு மேல் ஒரு மாதம் தாமதம் ஆகும் என்று முன்கூட்டியே எண்ணிக்கொள்வது விவேகம்.

3. கணக்கு எண்ணும் ஐ.எஃப்.எஸ்.சி. குறியும் மாறினவா என்று விசாரித்து, மாறியிருந்தால் ஏலக்காய் ஏல நிறுவனத்தாரிடமும், மானியம் வழங்கும் ஆபீசுகளிலும், உரக்கடையிலும் உடனே தெரிவிக்க வேண்டும். சிண்டிகேட் பாங்கின் பழைய குறிகள் 2021 ஜூலை 1 முதல் செல்லாமற்போயின. குறியைப் புதுப்பிக்காதவருக்கு விற்ற காயின் பணம் கணக்கில் ஏறாமல் திரும்பிவிடும். பழைய செக்குப் புத்தகமும் இவ்வாறே குறித்த தேதிக்குப் பின் பயன்படாது.

4. கடனைத் திருப்பிக் கட்டும் தேதியில் மிகுந்த கவனம் வேண்டும். மத்திய சர்க்காரின் வட்டி மானியத் திட்டத்தில் மூன்று லட்சம் ரூபாய் வரையிலான குறுகிய காலப் பயிர்க்கடனுக்கு வட்டி 7 சதவிகிதம். உரிய தேதிக்குள் அடைப்போருக்கு மேலும் 3 சதவிகிதம் தள்ளுபடியாகி 4 சதவிகிதமே விழும். பழைய கணக்கு எண்ணில் பணம் கட்டி அது சேராமற்போய்த் தேதி தவறினால், இரண்டு லட்சம் ரூபாய்க் கடனில் வருஷத்துக்கு ஆறாயிரம் ரூபாய் நஷ்டம். தமிழ்நாட்டுக் கூட்டுறவுச் சங்கங்களிலோ தேதி தவறாதவருக்குப் பயிர்க்கடன் வட்டியின்றியே கிடைப்பதால் அங்கே தவறுவது இன்னும் பெரிய நஷ்டம். பணம் கட்டியவுடன் ரசீதைப் பெற்று, அது கடன் கணக்கிலேயே வரவாயிற்றா என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.

5. டிபாசிட்டு வைத்திருப்போர் ஒரு கணக்கை மறுபடியும் போட்டுப் பார்க்க வேண்டும். இன்ஷூரன்ஸ் வரம்பு ஒரு பாங்கில் ஒருவருக்கு, அசலும் வட்டியும் சேர்த்து, ஐந்து லட்சம் ரூபாய். இரண்டு பாங்குகளில் நான்கு நான்கு லட்சம் போட்டிருந்தவருக்கு எட்டு லட்சத்துக்கும் காப்பு இருந்தது. அவ்விரண்டும் ஒன்றானால் ஐந்து லட்சத்துக்கு மட்டுமே காப்பு உண்டு. தொடக்கக் கூட்டுறவுக் கடன் சங்கங்களில் போடும் டிபாசிட்டுக்கு இந்த இன்ஷூரன்ஸ் கிடையாது என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

6. அடமானம் வைத்த பத்திரங்களின் ஜாபிதாவைப் பழைய பாங்கின் முத்திரையுடன் வாங்கி வைத்துக்கொள்ளவும். கிளைகள் சேரும்போது கட்டுகள் இடம் மாறும். எந்தப் பத்திரம் எந்த ஆபீசில் இருக்கிறது என்று எழுத்து மூலம் கேட்டறிவது தோட்டக்காரரின் உரிமை.

7. குறை இருந்தால் வாய்ப்பேச்சோடு நிறுத்தாமல் எழுதிக் கொடுத்து நகல் வைத்துக்கொள்ள வேண்டும். முப்பது நாட்களுக்குள் பதில் வராவிடிலும், வந்த பதில் திருப்தியற்றதாயினும், வர்த்தக பாங்குகள், கிராம பாங்குகள் விஷயத்தில் ரிஸர்வ் பாங்கின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றி முறையிடலாம்.

சங்கத்தின் பொறுப்பு

மேற்கண்டவற்றைத் தனித்தனியே செய்வதைவிட ஊராராகச் சேர்ந்து செய்வது மேல். குரங்கணிச் சரிவிலோ உடும்பஞ்சோலையிலோ அக்கம்பக்கத்துத் தோட்டக்காரர் பத்துப் பேர் சேர்ந்து, இணைந்த பாங்கின் புதிய அதிகாரியைப் பங்குனியில் ஒரு நாள் மலைக்கு அழைத்துச் சென்று தோட்டத்தைக் காட்டலாம். நிழலின் அளவையும், சரங்களின் நிலையையும், உலர்த்தும் கூடத்தையும் நேரிற் பார்த்தவர் மனுவில் உள்ள எண்களை வேறு கண்ணோடு படிப்பார். பழைய மானேஜர் இருபது வருஷத்தில் பெற்ற அறிவில் ஒரு பகுதியை ஒரு பகலில் கொடுத்துவிட இது வழியாகும்.

பாங்குகள் இன்னும் இணையலாம். இன்று உள்ள பெயர்ப்பலகைகளில் சில நாளை இராமற்போகலாம். அவற்றைத் தீர்மானிப்பது தோட்டக்காரர் கையில் இல்லை. தம்முடைய உழைப்பையும் நாணயத்தையும், எந்தப் பாங்கிலும் எவரும் படித்தறியக்கூடிய எழுத்தாக வைத்திருப்பது அவர் கையில் இருக்கிறது. பங்குனியில் மனு, வைகாசியில் பணம், மழைக்கு முன் மருந்து என்ற வரிசை தவறாதிருக்குமாயின், பாங்கின் பெயர் எதுவாயினும் காய் சரத்திலே நிற்கும்.